கடைசிக் கரண்டி

ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணி வாக்கில் சிவகாசிப் பக்கம் ஏதாவது ஒரு தெருவில் நடந்து பாருங்கள். திருத்தங்கலோ, சாத்தூரோ, வெம்பக்கோட்டையோ, விருதுநகரோ, எந்த ஊராக இருந்தாலும் சரி. வாரம் பூராவும் பகலில் பூட்டிக் கிடந்த வீடுகள் அன்றைக்குத் திறந்திருக்கும். ஒரு வீட்டில் அம்மிச் சத்தம். பக்கத்து வீட்டில் மிக்ஸி. நாலு வீடு தள்ளி குக்கர் விசில். நல்லெண்ணெயில் சின்ன வெங்காயம் வதங்குகிற வாசனையும், வத்தலும் மல்லியும் வறுபடுகிற நெடியும் தெருமுனை வரைக்கும் வந்து நம்மைத் தும்ம வைக்கும்.

அந்த வட்டாரத்தில் ஆலை என்று யாரும் சொல்ல மாட்டார்கள். தீப்பெட்டி ஆபீஸ், பயர் ஆபீஸ் என்பார்கள். சனிக்கிழமை சாயங்காலம் ஆபீஸில் சம்பளம். ஞாயிற்றுக்கிழமை வீட்டில் கறிக்குழம்பு. நடுவில் ஒரு ராத்திரிதான். திங்கட்கிழமை விடிந்தால் ஆபீஸ் வண்டி வந்து நிற்கும். அதனால் அந்த ஒரு நாள் சமையல் வெறும் சமையல் இல்லை. ஆறு நாள் உழைப்புக்கு உடம்பு கேட்கிற கூலி.

உங்கள் வீட்டிலும் இப்படி ஒரு குழம்பு இருக்கும். நெல்லையில் ஒரு மாதிரி, கொங்குப் பக்கம் ஒரு மாதிரி, யாழ்ப்பாணத்தில் ஒரு மாதிரி. அரைப்பு மாறும், வாசனை மாறும். ஆனால் நான் இன்றைக்குக் கேட்கப்போகிற கேள்விக்கு எல்லா ஊரிலும் பதில் ஒன்றாகத்தான் இருக்கும் என்று நினைக்கிறேன்.

உங்கள் வீட்டில் கடைசியாகச் சாப்பிட உட்கார்ந்தது யார்? அவர் உட்கார்ந்தபோது சட்டியில் என்ன இருந்தது?

உடனே பதில் சொல்ல வேண்டாம். முதலில் குழம்பை வைப்போம்.

எங்கள் வீட்டில் எட்டுப் பேர். அப்பா, அம்மா, அப்பத்தா, சித்தப்பா, நாங்கள் நாலு பிள்ளைகள். கறி அரைக் கிலோ. எலும்போடு சேர்த்து வெட்டினால் இருபது, இருபத்திரண்டு துண்டு தேறும். இதில் ரெண்டு நல்லி எலும்பு, கொஞ்சம் கொழுப்பு, சில சமயம் கடைக்காரர் மனசு வைத்தால் ஒரு துண்டு ஈரல். எட்டுப் பேருக்கு இது எந்த மூலைக்கு?

அதனால்தான் காய். ரெண்டு உருளைக்கிழங்கு, நாலு கத்திரிக்காய், ஒரு முருங்கைக்காய், இருந்தால் ஒரு வாழைக்காய். மாங்காய் காலத்தில் அதிலும் நாலு கீற்று. வசதியான வீட்டுக் கறிக்குழம்பில் காய் இருக்காது. எங்கள் மாதிரி வீடுகளில் கறி எவ்வளவு குறைகிறதோ அவ்வளவு காய் கூடும். சட்டி நிறைய வேண்டும், அவ்வளவுதான் கணக்கு.

ஆனால் ஏழ்மை கண்டுபிடித்த அந்தச் சேர்க்கையில் ஒரு ருசி இருந்தது. சட்டி காய்ந்ததும் நல்லெண்ணெய், சோம்பு, பட்டை, கிராம்பு. உரித்த சின்ன வெங்காயம் ஒரு கை. அது பொன்னிறமாகி, இஞ்சி பூண்டு வதங்கி, தக்காளி கரைந்த பிறகு, மஞ்சள் போட்டுக் கழுவிய கறி. கறி தன் தண்ணீரை விட்டு, அந்தத் தண்ணீரிலேயே சுருண்டு வரும் வரை கிண்ட வேண்டும். அப்புறம்தான் மல்லி, வத்தல், மிளகு, சீரகம் வறுத்து அரைத்த மசாலா. பிறகு தண்ணீர் ஊற்றி மூடிவிட்டால், அடுத்த முக்கால் மணி நேரம் அடுப்பு தணிந்து எரிய வேண்டும். எலும்பையும் தசையையும் ஒட்டிக்கொண்டிருக்கிற சவ்வு கரைந்து குழம்பில் இறங்குவதற்கு அவ்வளவு நேரம் பிடிக்கும். குழம்பு கெட்டியாவதும், சாப்பிட்ட விரல் ஒட்டுவதும் அதனால்தான். 

கறி முக்கால் பதம் வெந்த பிறகு உருளைக்கிழங்கும் வாழைக்காயும். அது பாதி வெந்ததும் முருங்கைக்காய், கத்திரிக்காய். மாங்காய் கடைசியில். புளிப்பு முன்கூட்டியே போய்விட்டால் கிழங்கு வேகாமல் வீம்பு பண்ணும். இறக்கப்போகிற நேரத்தில் தேங்காய், கசகசா அரைத்து ஊற்றி ஒரு கொதி. கறிச்சாறு குடித்த கத்திரிக்காய் இருக்கிறதே, அது காயும் இல்லை, கறியும் இல்லை. எங்கள் தெருவில் கறியை வைத்துவிட்டு முதலில் அந்தக் கத்திரிக்காயைத் தின்கிற ஆட்கள் உண்டு.

குழம்பு தயார். இப்போது பந்தி.

இங்கேதான் நம் கேள்வி ஆரம்பிக்கிறது. குழம்பை யாரும் எண்ண முடியாது. ஒரு கரண்டி கூடினாலும் குறைந்தாலும் தெரியாது. காயையும் யாரும் எண்ண மாட்டார்கள். கறித்துண்டை மட்டும் எண்ணலாம். அதனால் சண்டை வந்தால் கறித்துண்டுக்குத்தான் வரும். அப்பாவும் சித்தப்பாவும் முதலில். அடுத்து பிள்ளைகள் நாலு பேரும் வரிசையாக. பிறகு அப்பத்தா. அப்பாவுக்கு ஐந்து துண்டு, சித்தப்பாவுக்கு நாலு, எங்களுக்கு ஆளுக்கு ரெண்டு மூணு. அண்ணன் தட்டை நான் எண்ணுவேன். என் தட்டை தங்கச்சி எண்ணுவாள். "அவனுக்கு மூணு, எனக்கு ரெண்டா?" என்று ஒரு ஞாயிற்றுக்கிழமைகூடச் சண்டை இல்லாமல் போனதில்லை.

அம்மா எல்லோரும் எழுந்த பிறகு, அடுப்படியிலேயே உட்கார்ந்து, சட்டியிலேயே சோற்றைப் போட்டுப் பிசைந்து சாப்பிடுவாள். சட்டி வழித்துச் சாப்பிடுகிறதுதான் ருசி என்பாள். "நீ கறி வச்சுக்கிட்டியாம்மா?" என்று யாராவது ஒப்புக்குக் கேட்டால், தயாராக ஒரு பதில் வைத்திருந்தாள்.

"கறி எனக்குப் பல்லுல சிக்குதுய்யா. கத்திரிக்காதான் எனக்குப் புடிக்கும்."

நாங்கள் நம்பினோம்.

இந்த இடத்தில் வழக்கமாக அம்மாவின் தியாகத்தைப் பற்றிப் பத்துவரி எழுதி, கண்ணைத் துடைத்துக்கொண்டு முடித்துவிடலாம். நிறையப் பேர் எழுதியாகிவிட்டது. நான் அம்மாவைப் பற்றிப் பேச வரவில்லை. நம்பினோம் என்று சொன்னேன் பாருங்கள், அதைப் பற்றித்தான் பேச வந்திருக்கிறேன்.

எனக்கு எண்ணத் தெரியாமல் இல்லை. அண்ணன் தட்டில் விழுந்த மூணாவது துண்டை ஓரக்கண்ணால் எண்ணினவன் நான். அம்மாவுக்கும் எண்ணத் தெரியும். அவள் வீட்டில் உட்கார்ந்து தீப்பெட்டிக் கட்டு ஒட்டினவள். குரோஸ் கணக்குக்குத்தான் கூலி. ஒரு குரோஸ் என்றால் 144. ஒரு பெட்டி குறைந்தாலும் அவளுக்குத் தெரியும். அந்த அரைக் கிலோ கறியில் கால் கிலோ அவள் விரலால் ஒட்டிச் சம்பாதித்தது. எண்ணத் தெரிந்தவர்கள் நிறைந்த வீட்டில், ஒரே ஒரு தட்டை மட்டும் யாருமே எண்ணவில்லை. ஏன்?

அமெரிக்காவில் ஜான் ரால்ஸ் என்று ஒரு தத்துவப் பேராசிரியர் இருந்தார். நீதி என்றால் என்ன என்பதைப் பற்றி 1971-ல் அவர் எழுதிய புத்தகம் உலகம் முழுக்கப் பேசப்பட்டது. அதில் ஒரு கேக் வருகிறது. சில பேர் சேர்ந்து ஒரு கேக்கைப் பங்கு போட வேண்டும். சமமாகப் பங்கு போட எளிய வழி என்ன? வெட்டுகிறவன் கடைசியில் எடுக்க வேண்டும் என்று ஒரு விதி வைத்துவிட்டால் போதும் என்கிறார் ரால்ஸ். பெரிசு சிறிசாக வெட்டினால், பெரிய துண்டையெல்லாம் மற்றவர்கள் எடுத்துப் போய்விடுவார்கள். மிஞ்சுகிற சின்னத் துண்டுதான் வெட்டினவனுக்கு. அதற்குப் பயந்தாவது அவன் சமமாக வெட்டுவான். தராசு வேண்டாம், போலீஸ் வேண்டாம். விதியே நீதியைக் கொண்டுவந்துவிடும்.

இதைப் படித்தபோது எனக்கு எங்கள் வீட்டு அடுப்படி ஞாபகம் வந்தது. ரால்ஸ் சொன்ன விதி எங்கள் வீட்டில் அவர் புத்தகம் எழுதுவதற்கு எத்தனையோ தலைமுறைக்கு முன்னாலிருந்தே நடக்கிறது. பங்கு போடுகிறவள் அம்மா. கடைசியில் எடுக்கிறவளும் அம்மா. விதி அச்சு அசலாக அதேதான். ஆனால் முடிவு? ஹார்வர்டில் எல்லோருக்கும் சம பங்கு. எங்கள் வீட்டில் வெறும் சட்டி.

எங்கே தப்பு? ரால்ஸ் கணக்கில் தப்பில்லை. வெட்டுகிறவன் தன் பங்கு குறையக் கூடாது என்று நினைப்பான் என்பதுதான் அந்த விதியின் அச்சாணி. கரண்டி பிடித்தவளுக்குத் தன் பங்கைப் பற்றிய நினைப்பே இல்லை என்றால், வண்டி குடை சாய்ந்துவிடும். சுயநலக்காரர்கள் நடுவில் நீதியைக் கொண்டுவருகிற விதி, பிரியம் இருக்கிற இடத்தில் அநியாயத்தைக் கொண்டுவந்துவிடுகிறது.

இதை நான் படித்து மட்டும் தெரிந்துகொள்ளவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை பட்டுத் தெரிந்துகொண்டேன்.

மனைவி ஊருக்குப் போயிருந்தாள். வீட்டில் நான், பிள்ளைகள் ரெண்டு பேர், அவர்களோடு விளையாட வந்த பையன் ஒருத்தன். நானே கறிக்குழம்பு வைத்தேன். அம்மா கைப்பக்குவத்தை ஞாபகப்படுத்திக்கொண்டு, உருளைக்கிழங்கு, கத்திரிக்காய், முருங்கைக்காய் எல்லாம் போட்டு. நன்றாகவே வந்திருந்தது. பிள்ளைகளுக்குப் பரிமாறினேன். மூன்றாவது கரண்டி போடும்போதுதான் என் கையை நானே பார்த்தேன். கரண்டியை ஆழமாக விடாமல், மேலாகவே அலசிக்கொண்டிருந்தேன். காயும் குழம்பும் வந்தன. கறி அடியில் இருந்தது. நல்லி ரெண்டும் அடியில் இருந்தன. கடைசியில் உட்காரப்போகிறவன் நான்தானே!

நான் யோசித்து அப்படிச் செய்யவில்லை. கை தானாகச் செய்தது. பெற்ற பிள்ளைகளுக்குப் போடுகிற கரண்டியில்கூடக் கை தன் வேலையைக் காட்டியது. கேக்கில் அடி கிடையாது. அதனால் ரால்ஸுக்கு இந்தத் திருட்டு தெரிந்திருக்க நியாயமில்லை. குழம்புச் சட்டிக்கு அடி உண்டு. கரண்டி பிடித்தவனுக்கு மட்டும்தான் அடியில் என்ன இருக்கிறது என்று தெரியும். அவன் விரும்பினால் கடைசியில் உட்கார்ந்து நல்ல பங்கைத் தானே சாப்பிடலாம்.

அப்போதுதான் எனக்கு அம்மா செய்தது என்னவென்று புரிந்தது. அத்தனை வருஷமாக மிச்சம் இல்லாமல் போனதால் அவள் கறி சாப்பிடாமல் இருந்தாள் என்றுதான், கொஞ்சம் வளர்ந்த பிறகு, நினைத்துக்கொண்டிருந்தேன். அப்படி இல்லை. அடியில் தங்க வைக்க அவளுக்கு வசதி இருந்தது. ஒவ்வொரு கரண்டியும் அவள் ஆழமாக விட்டாள். ஒரு ஞாயிற்றுக்கிழமைக்கு இருபது முடிவு. அத்தனையும் அவளுக்கு எதிராக அவளே எடுத்தது.

சரி, அவள் விரும்பிக் கொடுத்தாள், நாங்கள் வாங்கிக்கொண்டோம், இதில் யாருக்கு என்ன நஷ்டம் என்று நீங்கள் கேட்கலாம். நஷ்டம் இருக்கிறது. அது ரத்தத்தில் இருக்கிறது.

2019-21-ல் எடுத்த தேசியக் குடும்ப நலக் கணக்கெடுப்பைப் பாருங்கள். 15 முதல் 49 வயது வரை உள்ள இந்தியப் பெண்களில் 57 சதவிகிதம் பேருக்கு ரத்தசோகை. அதே வயது ஆண்களில் 25 சதவிகிதம். தமிழ்நாட்டுப் பெண்களிலும் பாதிக்கு மேல் ரத்தசோகைக்காரர்கள்தான். மாதவிலக்கு, பிரசவம் என்று பெண் உடம்புக்குத் தனிச் செலவு உண்டு, வேறு காரணங்களும் உண்டு என்று டாக்டர்கள் சொல்வார்கள். உண்மைதான். ஆனால் செலவு அதிகமாக இருக்கிற உடம்புக்கு வரவு அதிகமாக வேண்டும் அல்லவா? கறியில் இருக்கிற இரும்புச்சத்தை உடம்பு சுலபமாக ஏற்றுக்கொள்ளும். காயிலும் பருப்பிலும் இருக்கிற இரும்பை உடம்பு எடுத்துக்கொள்ளவும் கறி கூட இருந்தால் ஒத்தாசை. காய் போட்ட கறிக்குழம்பு இதனால்தான் நல்ல சாப்பாடு. யாருக்கு அந்தத் துண்டு அதிகமாகத் தேவையோ அவருக்குத்தான் பல்லில் சிக்குகிறது என்பது என்ன கொடுமை!

இதில் இன்னொன்று. 'சம்பாதிக்கிறவன் முதலில் சாப்பிடட்டும்' என்று ஒரு நியாயம் சொல்வார்கள். சிவகாசிப் பக்கம் அந்த நியாயம் எடுபடாது. அங்கே பெண்கள் வீட்டில் உட்கார்ந்திருக்கிறவர்கள் இல்லை. தீப்பெட்டியும் பட்டாசும் அவர்கள் கையால்தான் உருவாகின்றன. அலுமினியப் பொடி ஒட்டிய கையோடு சாயங்காலம் வண்டியிலிருந்து இறங்கி, சோப்புப் போட்டுத் தேய்த்துவிட்டு நேராக அடுப்படிக்குப் போகிறவர்கள். என்றைக்கு எந்த அறை வெடிக்கும் என்று தெரியாத வேலை. 2012 செப்டம்பர் 5-ம் தேதி முதலிப்பட்டியில் நடந்த வெடிவிபத்தில் மட்டும் முப்பதுக்கும் மேற்பட்டவர்கள் போனார்கள். ஆபீஸில், ஓர் அறைக்குள் எத்தனை பேர் இருக்கலாம், எவ்வளவு மருந்து இருக்கலாம் என்று சட்டம் அளவு வைத்திருக்கிறது. மீறினால் கேட்க ஆள் உண்டு, கேட்கிறார்களா இல்லையா என்பது வேறு. சம்பளத்துக்கும் கணக்கு உண்டு. வீட்டு அடுப்படியில்தான் அளவும் இல்லை, கேட்கவும் ஆளில்லை. உழைப்பாலே பார்த்தாலும் முதல் பந்தியில் உட்கார வேண்டியவள், கடைசியில் சட்டி வழிக்கிறாள்.

திருவள்ளுவர், வாய்மை அதிகாரத்தில் ஒரு சலுகை கொடுத்திருக்கிறார். குற்றமில்லாத நன்மையைத் தருமானால் பொய்யும் உண்மையோடு சேர்த்தி என்று. அம்மாவின் பொய்யை இந்தக் குறளைக் காட்டித்தான் நாம் நியாயப்படுத்துகிறோம். ஆனால் அவர் போட்ட நிபந்தனையைக் கவனியுங்கள். குற்றமில்லாத நன்மை. இந்தப் பொய்யால் எங்கள் வயிறு நிறைந்தது, அது நன்மைதான். கூடவே அவள் உடம்பு தேய்ந்தது. அதைவிடப் பெரிய குற்றம் ஒன்று இருக்கிறது. சட்டியை எட்டிப் பார்க்காத ஆண்பிள்ளைகள் உருவானார்கள். அந்தப் பிள்ளைகள் இன்னொரு வீட்டுப் பெண்ணைக் கட்டிக்கொண்டு வந்து, அவளும் கத்திரிக்காய் பிடிக்கும் என்றபோது அதையும் நம்பினார்கள்.

பொய்யில் எப்போதும் ரெண்டு பேருக்குப் பங்கு உண்டு. சொல்கிறவர் ஒருவர், நம்புகிறவர் ஒருவர். நமக்கு லாபமான பொய்யை நாம் சோதித்துப் பார்ப்பதே இல்லை. கடைக்காரர் அரைக் கிலோவில் ஐம்பது கிராம் குறைத்தால் தராசைத் திருப்பிப் பார்க்கிற அப்பாதான், "பல்லுல சிக்குது" என்றதும் மறுபேச்சுப் பேசாமல் கை கழுவப் போனார். அம்மா சொன்ன பொய்யில் பிரியம் இருந்தது. நாங்கள் அதை நம்பினதில் வசதி மட்டும்தான் இருந்தது.

அம்மாவுக்கு இப்போது வயதாகிவிட்டது. சில வருஷம் முன்னால் அவளை என்னோடு அழைத்து வந்த புதிதில், ஒரு ஞாயிற்றுக்கிழமை, பழைய கடனை அடைத்துவிடுகிற வேகத்தில் எல்லோருக்கும் முன்னால் அவளை உட்கார வைத்தேன். "உனக்கு எந்தத் துண்டு புடிக்கும்மா? நெஞ்செலும்பா, நல்லியா, ஈரலா?" என்று கேட்டேன். அவள் யோசித்தாள். கொஞ்ச நேரம் நிஜமாகவே யோசித்தாள்.

"தெரியலையேய்யா" என்றாள்.

பொருளாதார மேதை அமர்த்தியா சென் 1990-ல் வெளியான ஒரு கட்டுரையில் இதைப் பற்றிச் சொல்லியிருக்கிறார். கிராமத்து இந்தியப் பெண்ணிடம் 'உன் நலம் எப்படி' என்று கேட்டால், அவள் குடும்பத்தின் நலத்தைத்தான் பதிலாகச் சொல்வாள். தனக்கென்று ஒரு நலம் இருக்கிறது என்பதே அவள் யோசனையில் இருக்காது. அதை வைத்து அவளுக்குக் குறையே இல்லை என்று முடிவு கட்டிவிடக் கூடாது என்பது சென் சொல்வது. அம்மாவின் 'தெரியலையே' அந்தக் கட்டுரையின் சுருக்கம்.

கடைசியில் ரெண்டு துண்டை எடுத்து வைத்தேன். ஒரு வாய் மென்று பார்த்துவிட்டுத் தட்டோரம் ஒதுக்கினாள். "நெசமாவே பல்லுல சிக்குதுய்யா" என்று சிரித்தாள். முப்பது வருஷம் சொன்ன பொய், பல் போனதும் உண்மையாகிவிட்டது. நான் அடைக்க வந்த கடனுக்குத் தவணை எப்போதோ முடிந்துபோயிருந்தது.

இந்த இடத்தில் ஒரு நியாயமான மறுப்பு வரும். 'கொடுக்கிறதில் ஒரு சந்தோஷம் இருக்கிறது. பிள்ளை ரசித்துச் சாப்பிடுகிறதைப் பார்த்தாலே வயிறு நிறைகிறது. அந்தச் சந்தோஷத்தையும் பிடுங்கச் சொல்கிறாயா?' இல்லை. அந்தச் சந்தோஷம் நிஜம். அதைப் பிடுங்க எனக்கு உரிமை கிடையாது. ஆனால் கொடுப்பது என்றால் என்ன? முதலில் நம்மிடம் ஒன்று இருக்க வேண்டும். அதை வைத்துக்கொள்ளவும் நமக்கு முடிய வேண்டும். அப்புறம்தான் அதைக் கொடுத்தால் அது கொடை. தட்டுக்கே வராத துண்டை அம்மா கொடுத்தாள் என்று சொல்வது, நாம் எடுத்துக்கொண்டதற்கு நாம் வைத்த அழகான பெயர்.

இதற்கு வழியும் அந்த ஊரிலேயே இருக்கிறது. விருதுநகரில் பிறந்த காமராஜர் 1950-களில் முதலமைச்சராக இருந்தபோது பள்ளிக்கூடங்களில் மதிய உணவைக் கொண்டுவந்தார். 1982-ல் எம்.ஜி.ஆர். அதைச் சத்துணவாக விரிவாக்கினார். பிறகு முட்டை சேர்ந்தது. அந்த முட்டையைக் கவனித்திருக்கிறீர்களா? ஆளுக்கு ஒன்று. வீட்டில் அண்ணனுக்காகத் தன் முட்டையை விட்டுக்கொடுக்கிற தங்கச்சிக்கும், பள்ளிக்கூடத்தில் தட்டில் ஒரு முழு முட்டை விழும். அவள் 'எனக்குப் பிடிக்காது' என்று சொல்ல வேண்டிய அவசியமே இல்லை. அது யாருடைய பிரியத்தையும் நம்பி வருகிற பங்கு இல்லை, அவள் பேரில் வருகிற பங்கு. பிரியம் ரொம்ப நல்லதுதான். ஆனால் பங்கு போடுகிற வேலையைப் பிரியத்தை நம்பி விடக் கூடாது. பிரியம் அதிகமாக இருக்கிற ஆள்தான் அதில் ஏமாறுவார்.

எங்கள் வீட்டில் இப்போது ஒரு வழக்கம் வைத்திருக்கிறோம். குழம்பை இறக்கியதும் யாருக்கும் பரிமாறுவதற்கு முன்னால், சமைத்தவருக்கு ஒரு கிண்ணம். கரண்டியை அடி வரை விட்டு, கறி, காய், குழம்பு மூன்றும் வருகிற மாதிரி. போடுகிறது சமைத்தவர் இல்லை, வேறு யாராவது. ஆரம்பத்தில் மனைவி சண்டை பிடித்தாள். "ரொம்பத்தான்... நான் என்ன விருந்தாளியா?" என்றாள். இப்போதும் தன் கிண்ணத்திலிருந்து ஒரு துண்டை எடுத்து மகள் தட்டில் வைக்கிறாள். வைக்கட்டும். அது அவளுடைய துண்டு. அவள் கொடுக்கிறாள். மகளும் அது யாருடைய துண்டு என்று தெரிந்துகொண்டு சாப்பிடுகிறாள். சில நாள் திருப்பியும் வைக்கிறாள்.

'இதெல்லாம் அந்தக் காலம். இப்போது எங்கள் வீட்டில் ஒரு கிலோ கறி எடுக்கிறோம், மிச்சம்தான் விழுகிறது' என்று நீங்கள் சொல்லலாம். சந்தோஷம். ஆனால் உங்கள் வீட்டில் சமைத்தவர் சாப்பிட உட்கார்ந்தபோது குழம்பு சூடாக இருந்ததா? மணி என்ன இருந்தது? கூட உட்கார யாராவது இருந்தார்களா, இல்லை எல்லோரும் டி.வி. முன்னால் போய்விட்டார்களா? கறிக்கு இருந்த தட்டுப்பாடு தீர்ந்துவிட்டது. சூட்டுக்கும் நேரத்துக்கும் துணைக்கும் இருக்கிற தட்டுப்பாடு அப்படியேதான் இருக்கிறது. அதையும் சத்தமில்லாமல் தன் கணக்கில் எழுதிக்கொள்கிறவர் அதே ஆள்தான்.

வருகிற ஞாயிற்றுக்கிழமை உங்கள் வீட்டில் கறிக்குழம்போ, சாம்பாரோ, காய் போட்ட எந்தக் குழம்போ கொதிக்கும். சாப்பிட உட்காருவதற்கு முன்னால் எழுந்து போய்ச் சட்டியை ஒரு தடவை எட்டிப் பாருங்கள். "நான் அப்புறம் சாப்பிட்டுக்கிறேன், நீங்க உக்காருங்க" என்று ஒரு குரல் வரும்.

அதை மட்டும் நம்பிவிடாதீர்கள்.